மாமியாரை நீக்கிய ஒப்பாரி

எங்கள் பேராசிரியரின் நாட்டுப்பாடல் ஆராய்ச்சி நூலைக் கண்டால் எனக்கு இன்றும் குமட்டும். அதிலுள்ள பாதிப் பாடல்களை ஓமலூர்ப் பக்கம் சைக்கிளில் அலைந்து எழுதி வந்தவன் நான். அறுபதுகளின் தொடக்கம். சேலத்தில் ஒரு கல்லூரியில் அவருக்குக் கீழே தற்காலிக டியூட்டராக இருந்தேன். அவர் அஸ்தம்பட்டி வீட்டில் மின்விசிறிக்கு அடியில் உட்கார்ந்து மக்களின் மனத்தை ஆராய்ந்தார். மக்கள் பக்கம் வந்தால் வேட்டியில் புழுதி ஒட்டிவிடும் அல்லவா?

ஒப்பாரிக்காக ஒரு கூலிக்கார அம்மாவிடம் போனேன். கட்டிக்கொடுத்த ஊரில் மகளைப் பறிகொடுத்தவர்.

"எழவு விழுகாத ஊட்டுல ஒப்பாரி வெக்கக் கூடாதுங்க சாமி," என்று ஊருக்கு வெளியே ஏரிக்கரைக்கு அழைத்துப்போய்ப் பாடினார். மாட்டுக்குத் தண்ணி வச்ச மாமியா, காய்ச்சலில் கிடந்த என் மகளுக்கு வைக்கலையே என்று ஒரு இடம் வந்தது. அங்கே நிறுத்தினார்.

"இத உட்றாதீங்க. பஞ்சாயத்துல என்னைய வாயத் தொறக்க உடலீங்க. புத்தகத்துலயாச்சும் இருக்கோணும்."

விடமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

அச்சுப்படி திருத்தும் வேலையும் என் தலையில்தான் விழுந்தது. அந்த இடத்தில் மாமியாரும் இல்லை, தண்ணீரும் இல்லை. விதி வந்து அழைத்ததாக வழவழவென்று ஏதோ இருந்தது. பேராசிரியரிடம் ஓடினேன். நம் பாமர மக்கள் மனிதரைப் பழிப்பதில்லை, விதியைத்தான் நோவார்கள் என்பது அவருடைய கோட்பாடு. மூன்றாம் இயல் முழுக்க அதுதான்.

"அது ஒரு கிழவியின் குடும்பச் சண்டை, தம்பி. பண்பாடு ஆகாது," என்றார்.

கோட்பாட்டுக்குப் பாட்டு ஒத்துவராவிட்டால் பாட்டைத் திருத்துகிற படிப்பு! தூ! கொடுத்த காபியை அவர் முகத்திலேயே வீசியிருக்க வேண்டும். என்னை நிரந்தரமாக்கும் சிபாரிசுக் கடிதம் அவர் மேசையில் கையெழுத்தாகாமல் கிடந்தது. காபியைக் குடித்துவிட்டு வந்தேன்.

நூல் வெளிவந்ததும் ஒரு பிரதியோடு அந்த அம்மாவைத் தேடிப்போனேன். கடலைக்காட்டில் களை வெட்டிக்கொண்டிருந்தார். படிக்கத் தெரியாதவர்.

"நாஞ் சொன்னது எங்கீங்க? படிங்க சாமி."

விதி என்று அச்சாகியிருந்த இடத்தில் விரலை வைத்துக்கொண்டு, அவர் பாடியதை மனப்பாடமாக ஒப்பித்தேன். கொஞ்சம்கூடத் தடுமாறவில்லை, அவ்வளவு ஈனப்பிறவி நான்.

அவர் மண் கையை முந்தானையில் துடைத்துவிட்டுப் புத்தகத்தை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"நாளைக்கே எம்மவளக் கட்டிக்குடுத்த ஊருக்கு எடுத்துட்டுப் போறனுங்க. பஞ்சாயத்துல வச்சு, எல்லாருக்கும் கேக்கறாப்புல அந்தூருப் பள்ளிக்கூடத்து வாத்தியாரைப் படிக்கச் சொல்லோணும்."

புத்தகத்தைத் திருப்பிக் கேட்க எனக்கு வாய் வரவில்லை.