சுடுகாட்டுப் பூவுக்கு யாரைக் கேட்பது

காலை ஆறே முக்காலுக்குத் தஞ்சாவூரில் ரயிலை விட்டு இறங்கினேன். கையில் எட்டு வெற்றுச் சாக்குகள். நிலையத்துக்கு வெளியே டீ பதினைந்து காசு. பாலைத் தேட வேண்டியிருந்தது.

சென்னையில் ஓர் ஆராய்ச்சிக் கூடத்துக்குச் செடி கொண்டுவந்து கொடுப்பது என் வேலை. நித்தியகல்யாணி இலையிலிருந்து குழந்தைகளுக்கு வரும் ரத்தப் புற்றுநோய்க்கு மருந்து எடுக்கிறார்கள். மூட்டை இலையைக் காய்ச்சி வடித்தால் சிட்டிகை அளவுகூடக் கிடைக்காது. உப்பு மண்ணில் வளரும் செடியில் அது கூடுதலாக இருக்குமா என்று பார்க்க எங்கள் பேராசிரியருக்கு ஆசை. அதனால் கடலோரம் என்னை அனுப்பினார். அவர் மின்விசிறியின் கீழ் இருந்தார்.

ஏழரைக்குத் திருத்துறைப்பூண்டி பஸ். டிக்கெட் இரண்டு ரூபாய் அறுபது காசு. மன்னார்குடி வரை ஏறக்குறைய இருபத்து மூன்று மைல், இரண்டு பக்கமும் வயல். மேட்டூரில் இன்னும் தண்ணீர் திறக்கவில்லை. வயல் வெடித்துக் கிடந்தது, வெண்ணாற்றில் ஆடு மேய்ந்தது. ஊருக்கு ஊர் கறுப்பு சிவப்புக் கொடி. கூலிக்காரர் தெரு முனையில் செங்கொடி. நில உச்சவரம்புச் சட்டம் வந்தபின் பெரிய பண்ணைகள் மைத்துனன் பேருக்கும் கோயில் பேருக்கும் மாறியதாகப் பஸ்ஸில் பேசிக்கொண்டார்கள். நிலம் மட்டும் நகரவில்லை.

பக்கத்தில் முத்துப்பேட்டையில் கடை வைத்திருக்கும் பாய் ஒருவர். சாக்கைத் தட்டிப் பார்த்தார்.

"என்ன சார், நெல்லு கடத்தப் போறீங்களா?"

"நித்தியகல்யாணி இலை."

"அட, சுடுகாட்டுப் பூவா! நெல்லுன்னா ஜில்லா எல்லையில செக்போஸ்ட்டுக்காரன் புடிப்பான். இதுக்குப் பேய்தான் புடிக்கும்."

பஸ்ஸே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

திருத்துறைப்பூண்டியிலிருந்து தெற்கே ஐந்து மைலில் இருக்கிறது நான் போன ஊர். பெயரை எழுதவில்லை, காரணம் படித்தால் புரியும். அந்த ஊர் மிராசுதார் பேராசிரியருக்குத் தெரிந்தவருக்குத் தெரிந்தவர். மோர் கொடுத்தார்.

"மேட்டுத் திடல் நம்ம எடம்தான். ஏன் எலையப் பறிச்சுச் சிரமப்படுறீங்க? வேரோட எடுத்துட்டுப் போங்க. ஆளு தர்றேன், வண்டி தர்றேன்."

இலை மட்டும் போதும் என்றேன். கேட்டும் கேட்காததுபோல் இருந்துவிட்டார். அவர் பண்ணையைக் கவனிக்கும் காரியக்காரர் கோபாலுவும் மண்வெட்டியோடு நாலு ஆட்களும் ஒரு மாட்டுவண்டியோடு என்னுடன் கிளம்பினார்கள். மருந்து ஆராய்ச்சிக்கு இவ்வளவு தாராளமா என்று நினைத்தேன்.

பதினொன்றரைக்குத் திடலை அடைந்தோம். மற்றதெல்லாம் காய்ந்து கிடக்க, அங்கே மட்டும் முழங்கால் உயரத்துக்கு ஊதாவும் வெள்ளையுமாகப் பூ. செடிக்குக் கீழே மண் நீள நீளமாக மேடிட்டிருந்தது. புதைகுழிகள். ஒன்றிலும் கல் இல்லை.

கிழக்குத் தெருவிலிருந்து பெண்கள் ஓடி வந்தார்கள். முன்னால் வந்தவள் அஞ்சலை, நாற்பது வயதிருக்கும், கூலி வேலை செய்பவள்.

"ஏன் காரியக்காரரே, பூப்பறிக்க மம்பட்டியா?"

"வாய மூடு. அய்யா எடம், அய்யா குடுக்குறாரு, சார் எடுத்துக்குறாரு. ஒனக்கென்ன வந்துச்சு?"

அவள் என் பக்கம் திரும்பினாள். "நீங்க யாரக் கேட்டு வந்தீங்க சார்?"

"மிராசுதாரைத்தான்."

"இதுல அவரு வூட்டு ஆளு எத்தன பேரு படுத்திருக்காங்க?"

அவளே காட்டினாள். "அந்த வெள்ளைப் பூவு எம் மாமியா. இந்தச் சின்னச் செடி எம் மவன், காய்ச்சல்ல போனான். செடிதான் எங்களுக்கு அடையாளம். வர்ற பொதங்கெழம ஜமாபந்தி, ஊர் நெலக் கணக்குப் பாக்க அதிகாரிங்க வர்றாங்க. இது எங்க இடுகாடு, பொறம்போக்குன்னு மனு குடுத்திருக்கோம். தாசில்தாரு வந்து பாக்குறப்ப வெறுந்தரையா இருக்கணும் அய்யாவுக்கு. அதுக்குத்தான் மம்பட்டி."

கோபாலு வெற்றிலையைத் துப்பிவிட்டு வேறு பக்கம் பார்த்தார். அது போதும் எனக்கு.

மண்வெட்டி ஆட்களைத் திடலை விட்டு இறங்கச் சொன்னேன். நல்ல வார்த்தையில் சொல்லவில்லை. ஒரு குழந்தைக்கு மருந்து என்று சொல்லி என் கையாலேயே இன்னொரு குழந்தையின் குழியை அழிக்கப் பார்த்திருக்கிறார்கள். பிறகு அஞ்சலையிடம் கேட்டேன்: "அம்மா, உங்க இடத்துல இலை மட்டும் பறிச்சுக்கலாமா?"

"காரியக்காரரு காதுல வுழலங்க. இன்னொரு தரம் கேளுங்க."

கத்திக் கேட்டேன். பெண்கள் சிரித்துவிட்டார்கள். கோபாலு வண்டியைத் திருப்பிக்கொண்டு போனார். நாலு ஆட்களில் ஒருவன் மட்டும் எங்களோடு இலை பறிக்கத் தங்கிவிட்டான்.

மூன்று மணிக்குள் எட்டுச் சாக்கும் நிறைந்தன. வேரைத் தொடவில்லை. மகன் செடியில் அஞ்சலை மட்டுமே பறித்தாள். எந்தக் காய்ச்சல் என்று கேட்டேன். யாருக்குத் தெரியும் என்றாள். பார்த்துச் சொல்ல அந்த ஊரில் டாக்டர் இருந்தால்தானே.

வண்டி இல்லாததால் சாக்குகளை அவர்களே தலையில் தூக்கிக்கொண்டு ரோட்டுக்கு வந்தார்கள். பஸ் வரும்போது அஞ்சலை கேட்டாள்.

"யாரக் கேட்டுப் பறிச்சீங்கன்னு தாசில்தாருகிட்ட வந்து சொல்லுவீங்களா?"

"சொல்றேன்."

"இப்புடிச் சொல்லிட்டுப் போனவங்க நெறைய பேரு சார்."

சென்னையில் என் வீட்டு வாசலிலும் இந்தச் செடி இருக்கிறது, தொட்டியில். பூஜைக்குத் தினமும் பறிக்கிறோம். யாரையும் கேட்டதில்லை, கேட்கவும் வேண்டியதில்லை.

இலையை ஒப்படைத்துவிட்டு நடந்ததைச் சொன்னேன். "நமக்கு எதற்கப்பா நில விவகாரம்? நம் வேலை இலை" என்றார் பேராசிரியர். இலை நிழலில் காய ஒரு வாரம் ஆகும், அதுவரை எனக்கு இங்கே வேலை இல்லை என்று சொல்லிவிட்டு விடுப்பு எழுதிக் கொடுத்தேன். செவ்வாய் ராத்திரி ரயிலுக்கு டிக்கெட் எடுத்தாகிவிட்டது. இந்தத் தடவை சாக்கு இல்லை.