கிரகணத்தைத் திருநாளாக்கியவர்

எங்கள் எஸ்டேட் ஆஸ்பத்திரியில் டாக்டர் இடத்தில் வைத்தியம் பார்த்த டிரெஸ்ஸர், மலேசியாவின் கேமரன்மலைக் குளிரில் நாடி பிடிக்குமுன் தேநீர்க் குவளையில் விரல்களைச் சூடாக்கிக்கொள்வார். கழுத்துவரை பொத்தானிட்ட சுவெட்டர்.

சூரிய கிரகணத்தன்று, நிறைமாதமாயிருந்த என் மனைவி சன்னல்களை அடைத்து, சாப்பிடாமல் பயந்து கிடந்தாள். பள்ளி ஆசிரியனான நான் நிலவின் நிழலைப் படம் போட்டு விளக்கினேன். பயம் போகவில்லை.

அவளைப் பார்க்க டிரெஸ்ஸர் வந்தார்.

“ஒரு நாடு இருக்கும்மா. அங்க கிரகணந்தான் திருநாள். இருட்டுனதும் சண்டக்காரங்க கையப் புடிச்சுக்கணும். வெளிச்சம் வந்தாலும் விடக்கூடாது.”

“விட்டுட்டா?”

“அடுத்த கிரகணம் வரைக்கும் அவங்கதான் ஊருக்கே சோறாக்கணும் லா.”

அவள் சிரித்துவிட்டாள். எனக்கு வயிறு எரிந்தது.

இப்போது மகளுக்கு அந்தத் திருநாளை என் கதைபோலச் சொல்கிறேன். “டிரெஸ்ஸர் அப்படிச் சொல்லல” என்று அடுப்படியிலிருந்து மனைவி திருத்துகிறாள். நான் போட்ட படம் அவளுக்கு நினைவே இல்லை.