ஒலீட்டா சொல்லாமல் விட்டது

ஒலீட்டா ஸ்லோனின் முதல் புருஷன் ராஸ்கோவும் டெல்பர்ட் மேகார்டின் பெண்டாட்டி இமோஜீனும் ஒன்றாக ஓடிப்போனது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்தெட்டாம் வருஷம், மார்ச் மாதத்து வியாழக்கிழமை ஒன்றில். அமெரிக்காவின் கிழக்குக் கென்டக்கியில் கூஸ்பெரி ஓடையின் இரு கரையிலும் மொத்தம் நாற்பது வீடுகள்தான். பகல் பன்னிரண்டு மணிக்கெல்லாம் நாற்பது வீட்டுக்கும் சேதி போய்விட்டது. ராஸ்கோ சுரங்கத்தில் கரி வண்டி ஓட்டுகிறவன், டெல்பர்ட் அதே சுரங்கத்தில் கூரைக்கு முட்டுக் கொடுக்கிறவன். காலையில் முதல் ஷிப்டுக்கு டெல்பர்ட் உள்ளே இறங்கியிருந்தான், ராஸ்கோ இறங்கவில்லை. சாயங்காலம் முகமெல்லாம் கரியோடு டெல்பர்ட் வீடு திரும்பியபோது அடுப்பு அணைந்து கிடந்தது, ஆணியில் மாட்டியிருந்த இமோஜீனின் கோட்டைக் காணவில்லை.

மறுநாள் அவன் ஒலீட்டாவின் வீட்டுக்கு வந்தான். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றான். முப்பத்துநாலு வயசு ஆள், ஒரே நாளில் தோள் இரண்டும் இறங்கிப் போயிருந்தன.

"உங்களுக்கு முன்னாலயே தெரியுமா?" என்று கேட்டான்.

"தெரியாது" என்றாள் ஒலீட்டா.

அவனை உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்துக் காபி போட்டுக் கொடுத்தாள். அவன் குடிக்கவில்லை. மேஜையில் நெற்றியை வைத்துக்கொண்டு அழுதான். அவள் அடுப்புப் பக்கம் திரும்பி நின்றுகொண்டாள்.

அவளுக்குத் தெரிந்திருந்தது. பள்ளிக்கூடச் சமையலறையில் அவளுக்கு வேலை. ஓடிப்போவதற்கு முந்திய செவ்வாய்க்கிழமை காய்ச்சல் என்று சீக்கிரம் வீட்டுக்கு வந்தவள் படுக்கப்போனபோது கட்டிலடியில் பெட்டி ஒன்று காலில் இடித்தது. திறந்தால் ராஸ்கோவின் சட்டைகள், அவற்றுக்கு நடுவே மடித்து வைத்த ஒரு நீலப்பூ கவுன். அந்தக் கவுனை ஊரே அறியும். சபையில் பாட எழுந்து நிற்கும்போதெல்லாம் இமோஜீன் அதைத்தான் போட்டுக்கொள்வாள். ஒலீட்டா பெட்டியை மூடினாள். பிறகு எழுந்து, கொடியில் காய்ந்துகொண்டிருந்த அவனுடைய மற்ற இரண்டு சட்டைகளையும் எடுத்துவந்து, காய்ச்சலோடு நின்று இஸ்திரி போட்டு, அவன் கண்ணில் படுகிற மாதிரி நாற்காலி முதுகில் தொங்கவிட்டாள்.

ஏழு வருஷம் அவனோடு குடித்தனம் நடத்தியவள் அவள். இரண்டு விரல் ஒடிந்து கோணலாகக் கூடியிருந்தன. ஐந்து மாதக் கரு ஒன்று அவன் காலால் கலைந்திருந்தது. அவன் போகிறான், அது போதும் என்றிருந்தது. யாரைக் கூட்டிக்கொண்டு போகிறான் என்பதைப் பற்றி அவள் அன்றைக்கு நினைக்கவே இல்லை. வியாழக்கிழமை பட்டப்பகலில், உடம்பைச் சுருட்டிக்கொள்ளாமல், கை கால் நீட்டித் தூங்கினாள்.

டவுனில் நாற்காலி மேஜை விற்கிற கடையின் மாடியில் ஒரு சின்ன வானொலி நிலையம் இருந்தது. சனிக்கிழமை மதியம் உள்ளூர்க்காரர்கள் வந்து பாடுவார்கள். டெல்பர்ட் கிதார் வாசிப்பவன், அதுவரை அங்கே இமோஜீனோடு பாடிவந்தவன். ஒலீட்டாவுக்கும் நல்ல குரல், மேல் ஸ்தாயியில் நிற்கும், பிசிறடிக்காது. நிலையத்தை நடத்திய ஹோபர்ட்டுக்கு வாய் நீளம், தொழில் சாமர்த்தியம் அதைவிட நீளம். இரண்டு வருஷம் கழித்து ஒருநாள் ஒலீட்டாவிடம் வந்தான்.

"அந்த ஆளுக்கு ஜோடி இல்லாம பாட்டு நொண்டுது. நீங்க ரெண்டு பேரும் சேந்து பாடுங்களேன். ஊரு கேக்கும்."

"ஊரு வேடிக்கை பாக்கும்னு சொல்லுங்க" என்றாள் ஒலீட்டா.

"பாக்கட்டுமே. வந்து உக்காந்தாத்தானே காதுல விழும்."

முதல் சனிக்கிழமை படிக்கட்டுவரை கூட்டம். ஓடிப்போனவர்கள் விட்டுப்போன இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் நிற்பதைப் பார்க்க வந்த கூட்டம். பின்வரிசையில் ஒருத்தன், "அவங்க பங்கு போட்டுக்கிட்டது போக மிச்சம் இது" என்றான். சிரிப்பு எழுந்தது. டெல்பர்ட்டின் காது சிவந்தது. ஒலீட்டா அந்த ஆளையே பார்த்துக்கொண்டு பாட ஆரம்பித்தாள். மூன்றாவது பாட்டில் சிரிப்பு நின்றுவிட்டது.

அந்த வருஷக் கடைசியில் டெல்பர்ட் சொந்தமாக ஒரு பாட்டு எழுதிக்கொண்டு வந்தான். மனசு ஒடிந்துபோன இரண்டு பேர் ஒருவரை ஒருவர் கண்டுபிடிக்கிற பாட்டு. அவன் தொடங்குவான்:

'கதவுக்கு ஆணி அடித்துவிட்டு உள்ளே கிடந்தேன்,
வாசற்படியில் வந்து நீ உட்கார்ந்தாய்.'

அவள் எடுப்பாள்:

'தட்டவில்லை நான், கால் வலித்தது, உட்கார்ந்தேன்.
விடியும்போது ஆணியை நீயே பிடுங்கியிருந்தாய்.'

அடுத்து, தன்னை விட்டுப்போனவனை நினைத்து அழுததைப் பற்றி அவளுக்கு நாலு வரி. அந்த இடத்தில் ஒலீட்டா கண்ணை மூடிக்கொள்வாள். பாவம், இன்னும் ஆறவில்லை என்று பெண்கள் கைக்குட்டையை எடுப்பார்கள். பக்கத்தில் நிற்கிறவன் முகத்தைப் பார்க்கத் துணிவில்லாமல் மூடுகிறாள் என்பது யாருக்குத் தெரியும்? அவன் எழுதியது அவனுடைய நிஜம். அவள் பாடியது பொய். சின்சினாட்டியில் யாரோ அதை ஐந்நூறு இசைத்தட்டாகப் போட்டார்கள். வடக்கே ஒஹையோ தொழிற்சாலைகளுக்குப் பிழைக்கப்போன மலைக்காரர்கள் வாங்கிக் கேட்டார்கள். அதற்குமேல் அந்தப் பாட்டு போகவில்லை.

அந்தப் பாட்டில் ஒரு பாதி அவளுக்கு மெய்யானது அடுத்த ஏப்ரலில். சுரங்கத்தில் கூரை சரிந்து மூன்று பேர் மாட்டிக்கொண்டார்கள் என்று சங்கு ஊதியது. அது டெல்பர்ட்டின் ஷிப்டு. ஒலீட்டா கையில் மாவோடு ஓடினாள். காலை ஒன்பது மணியிலிருந்து பொழுது சாயும்வரை தூறலில் சுரங்க வாயில் நின்றாள். பெண்டாட்டிமார்களுக்கென்று கட்டியிருந்த கயிற்றுக்கு உள்ளே நிற்க அவளுக்கு உரிமை கிடையாது. "நீ யாரு அவனுக்கு?" என்று காவலாள் கேட்டான். அவள் நகரவில்லை. முதலில் இரண்டு பிணத்தைக் கொண்டுவந்தார்கள். மூன்றாவதாக டெல்பர்ட்டை, இடது கால் நசுங்கி, உயிரோடு.

ஸ்ட்ரெச்சரில் கிடந்தவன் அவளைப் பார்த்து, "நனஞ்சு போயிட்டீங்களே" என்றான்.

இருவருக்கும் கோர்ட்டில் விவாகரத்து முன்னமே ஆகியிருந்தது. ஜூனில் கல்யாணம் செய்துகொண்டார்கள். ஏழு வருஷம் நன்றாகத்தான் போயிற்று. அவன் கால் தாங்கித் தாங்கி நடந்தான். அவள் பீன்ஸும் சோள ரொட்டியும் செய்தாள். சனிக்கிழமைகளில் பாடினார்கள். அவன் ஒருநாளும் கை ஓங்கியதில்லை. கதவு பலமாகச் சாத்தினால் அவள் திடுக்கிடுகிறாள் என்று பார்த்து, எல்லாக் கதவின் ஓரத்திலும் பழைய ரப்பரை வெட்டி ஒட்டினான். அவன் நல்லவனாக இருக்க இருக்க அந்தச் செவ்வாய்க்கிழமை அவளுக்குள் கனத்துக்கொண்டே போயிற்று. நாளை சொல்லலாம், நாளை சொல்லலாம் என்றே வருஷங்கள் போயின.

அறுபத்தெட்டு அக்டோபரில் ஒலீட்டா மாவு வாங்கக் கடைக்குப் போயிருந்தாள். இமோஜீனின் அண்ணன் செஸ்டர், சபையில் மூப்பர், கடை நடுவில் நின்று ஒரு கடிதத்தை உரக்கப் படித்துக்கொண்டிருந்தான். ஒஹையோவில் டேட்டன் நகரத்து ஆஸ்பத்திரியிலிருந்து வந்தது. இமோஜீனுக்கு மார்பில் புற்று, எலும்புவரை இறங்கிவிட்டது, வைத்துக்கொள்ள இடமில்லை, உறவினர் யாராவது அழைத்துப் போகவும் என்று எழுதியிருந்தது.

"விதைச்சத அறுக்கட்டும். என் வாசல்ல அவ கால் படக்கூடாது" என்றான் செஸ்டர்.

"அவளால நடக்க முடியாதுன்னு அதுலயே போட்டிருக்கே செஸ்டர். காலு எங்க படப்போகுது?" என்றாள் ஒலீட்டா. கடிதத்தை அவன் கையிலிருந்து வாங்கிக்கொண்டு, மாவு வாங்காமலே வீட்டுக்கு வந்தாள்.

சாப்பாட்டு மேஜையில் டெல்பர்ட்டிடம் நீட்டினாள். அவன் இரண்டு தரம் படித்தான்.

"இங்க வேண்டாம்" என்றான்.

"வேற எங்க?"

"எங்கயோ. ஒலீட்டா, நீ எதுக்கு இத செய்யணும்? உன் புருஷன இழுத்துக்கிட்டுப் போனவ அவ."

"பின்னறை சும்மாத்தான கெடக்குது."

"நான் கேட்டது அது இல்ல."

"தெரியும். நீ போய்க் கூட்டிட்டு வரியா, நான் பஸ்ஸுல போகட்டுமா?"

அவன்தான் போனான். இரவல் வாங்கிய டிரக்கில் பின்னால் மெத்தை போட்டுக் கொண்டுவந்தான். முப்பத்தேழு வயது இமோஜீன் அறுபதுபோல இருந்தாள். இடது தாடை ஒருபக்கமாகக் கோணியிருந்தது. ராஸ்கோ கையின் வேலை ஒலீட்டாவுக்குத் தெரியும்.

டெல்பர்ட் பின்னறைக்குள் போகமாட்டான். விறகு கொண்டுவந்து கதவுக்கு வெளியே வைப்பான். மற்றதெல்லாம் ஒலீட்டா பார்த்தாள். புண்ணைத் துடைத்தாள், துணி மாற்றினாள், வெந்நீரில் ரொட்டியை ஊறவைத்து ஊட்டினாள். நாற்றம் வீடு முழுக்க நின்றது. சபைப் பெண்கள் யாரும் எட்டிப்பார்க்கவில்லை.

நவம்பரில் ஒரு காலை இமோஜீன் தானாகப் பேச்செடுத்தாள்.

"உங்க பாட்ட டேட்டன்ல கேட்டேன். சலவைக்கடை ரேடியோல. பேரு சொல்லித்தான் போட்டாங்க. ராஸ்கோ என் பக்கத்துல நின்னான். அன்னைக்கு வீட்டுக்குப் போனதும் அந்தக் கோவம் எம்மேல விழுந்துச்சு." தாடையைத் தொட்டுக்காட்டினாள். "இது அதுக்கு முன்னாடியே. நாங்க அங்க போன மொத குளிர்காலம். நான் நோவுல படுத்ததும் அவன் என்ன விட்டுட்டுப் போயிட்டான்."

ஒலீட்டா கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

"எனக்குத் தெரியும் இமோஜீன்."

"அவன் கை நீட்டறவன்னு ஊருக்கே தெரியும்."

"அது இல்ல. நீங்க போகப்போறீங்கன்னு தெரியும். கட்டிலுக்கு அடியில பெட்டியப் பாத்தேன். உன் நீலப்பூ கவுன் இருந்துச்சு. பாத்துட்டு மூடி வச்சேன். அவன் சட்ட ரெண்டு காஞ்சுது, அதையும் தேச்சுக் குடுத்தேன்."

இமோஜீன் போர்வையை மார்புவரை இழுத்துக்கொண்டாள்.

"ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்" என்றாள்.

"சொல்லியிருக்கலாம்."

"நான் நம்பியிருக்க மாட்டேன்."

"ஒருவேள நம்பியிருக்க மாட்ட. ஆனா அதுக்காக நான் சொல்லாம விடல. அவன் தொலைஞ்சா போதும்னு இருந்தது. எவளக் கூட்டிட்டுப் போனா எனக்கென்னன்னு விட்டுட்டேன்."

இமோஜீன் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். இரண்டு நாள் ஒலீட்டாவின் கையால் ஒரு வாய் வாங்கவில்லை. மூன்றாம் நாள், "முதுகு எரியுது, பொரட்டிப் போடு" என்றாள். ஒலீட்டா புரட்டிப் போட்டாள். அதன்பின் இருவரும் அதைப் பேசவில்லை. மன்னித்தேன் என்றோ மாட்டேன் என்றோ அவள் சொல்லவே இல்லை.

பிப்ரவரியில், வலி மருந்துக்கும் அடங்காமல் போனபோது, இமோஜீன் டெல்பர்ட்டை வரச் சொன்னாள். அவன் வாசலில் தயங்கி, பிறகு உள்ளே போய்க் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தான்.

"பாடு" என்றாள் அவள். "அந்தப் பாட்டு வேண்டாம். சபைப் பாட்டு எதாவது."

அவன் கிதார் இல்லாமல் பாடினான். பாதியில் இருமல் வந்தது, நிறுத்தி மறுபடி பாடினான். ஒலீட்டா அடுப்பங்கரையில் நின்று கேட்டாள். ஏழெட்டு வருஷம் அவனோடு வாழ்ந்திருந்தாலும் அந்தக் குரலில் அவன் தன்னிடம் பேசியதில்லை என்று அவளுக்குத் தோன்றியது. நான்கு நாள் கழித்து இமோஜீன் செத்துப்போனாள். மலைமேல் டெல்பர்ட்டின் குடும்பத்தார் புதைந்திருக்கிற இடத்திலேயே புதைத்தார்கள். செஸ்டர் வரவில்லை.

புதைத்த மறுநாள் மதியம் ஒலீட்டா புருஷனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். பெட்டியை, கவுனை, சட்டைகளை. அவன் எழுந்து வெளியே போய் விறகு பிளந்தான். ஒரு குளிர்காலத்துக்குப் போதுமான விறகு. மூன்று வாரம் அவளோடு பேசவில்லை. போய்விடுவான் என்று அவள் தயாராக இருந்தாள்.

ஒருநாள் காலை பூட்ஸ் மாட்டிக்கொண்டே, தலை நிமிராமல் சொன்னான்:

"அவன் ஒன்ன அடிச்சான். நீ வாய மூடிக்கிட்டது எனக்குப் புரியுது. ஆனா வெள்ளிக்கெழம நான் வந்து கேட்டேன் ஒலீட்டா. அப்ப நீ தெரியாதுன்னே. எனக்குக் காபி போட்டுக் குடுத்தே."

"ஆமா."

"அதத்தான் எங்க வைக்கிறதுன்னு தெரியல எனக்கு."

வேலைக்குப் போனான். சாயங்காலம் திரும்பி வந்தான். அப்படியே ஒன்பது வருஷம் திரும்பி வந்துகொண்டிருந்தான். அந்தப் பாட்டை மட்டும் அவர்கள் அதற்கப்புறம் பாடவில்லை. ஹோபர்ட் வீட்டுக்கே வந்து கேட்டபோது, "ஊருகிட்ட தொண்ட போச்சுன்னு சொல்லு" என்றான் டெல்பர்ட். ஒரு வகையில் அது மெய்தான். கரித்தூள் நெஞ்சில் இறங்கி, நாலு படி ஏறினால் மூச்சு வாங்கத் தொடங்கியிருந்தது. கடைசி இரண்டு வருஷம் நாற்காலியிலேயே உட்கார்ந்து தூங்கினான். இமோஜீனைப் பார்த்துக்கொண்டதுபோல ஒலீட்டா அவனையும் பார்த்துக்கொண்டாள். அவள் கை பிடித்தால் அவன் விலக்கியதில்லை.

எண்பதாம் வருஷம் ஜனவரியில், வாக்கியத்துக்கு ஒரு தரம் நிறுத்தி மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னான்.

"என்ன அவ பக்கத்துல... வச்சிடு. அங்கதான் எங்க ஆளுங்க... இருக்காங்க."

ஒலீட்டா போர்வையைச் சரிசெய்தாள்.

"சரி. நான் எங்க?"

"எனக்கு இந்தப் பக்கம் எடம் இருக்கு."

"ஓடைப் பக்கமா? ஈரம் ஏறும்."

"ஏறும்" என்றான் டெல்பர்ட். அவன் உதடு கொஞ்சம் விரிந்தது. சிரிப்பா, மூச்சுக்குத் திணறலா என்று அவளால் சொல்ல முடியவில்லை.

அந்த மாதக் கடைசியில் அவன் போனான். மண் உறைந்து இரும்பாக இருந்தது. குழி தோண்ட நாலு ஆளுக்கு இரண்டு நாள் ஆயிற்று. இரண்டு நாளும் ஒலீட்டா மலை ஏறி அவர்களுக்குச் சாப்பாடு கொண்டுபோனாள். அளவு போடும்போது, எவ்வளவு தள்ளித் தோண்டுவது என்று ஒருத்தன் கேட்டான். அவன் கேட்டபடியே பக்கத்தில், இமோஜீனின் கல்லிலிருந்து இரண்டு முழம் அவளே அளந்து காட்டி, அங்கே குதிகாலால் ஒரு கோடு கிழித்தாள்.