மாதா என்று சொல்ல வேண்டிய இடத்தில்

குழந்தைகளே, என் மனைவி தேவகி கடலில் மூழ்கிக்கொண்டிருந்தாள். கரையில் இருந்த எல்லாரும், என்னமாய் நடிக்கிறாள் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். முதலில் நானும் அப்படித்தான் நினைத்தேன்.

நான் சிங்கப்பெருமாள் கோயிலில் ஷேர் ஆட்டோ ஓட்டுகிறேன். எட்டாவது வரைதான் படித்தேன். தேவகி பதினோரு வருஷமாக சீரியலிலும் சினிமாவிலும் சின்னச் சின்ன வேஷம் போடுகிறாள். பக்கத்து வீட்டு அக்கா, நர்ஸ், கல்யாண வீட்டில் காபி கொடுக்கும் அத்தை. சேர்ந்தாற்போல் நாலு வரி பேசினால் அன்றைக்கு எங்கள் வீட்டில் பாயசம்.

போன மாசி மாதம் ஒரு வியாழக்கிழமை, மாமல்லபுரம் பக்கத்துக் கடற்கரையில் ஷூட்டிங். நானும் கூடப் போயிருந்தேன். கிறிஸ்தவ மீனவர் வீட்டு அம்மாவாக நடித்தாள். பெயர் ஆரோக்கியம். படகில் போன மகன் திரும்பவில்லை. ஆரோக்கியம் கடலுக்குள் ஓடி, "மாதாவே, என் புள்ளய குடு" என்று கதற வேண்டும். அவளுக்குக் கிடைத்த முதல் பெரிய காட்சி.

"தோ பாருங்க, பயந்துகினு நடுவுல கத்தி டேக்க கெடுத்துடாதீங்க. முட்டி வரைக்குந்தான் தண்ணி" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

முட்டி வரை போனாள். அடுத்த அலையில் இடுப்பு. அதற்கடுத்து கழுத்து. புடவை காலைச் சுற்றிக்கொண்டது.

"சூப்பர்மா! அப்படியே போங்க!" என்றார் டைரக்டர்.

அவளுக்கு நீச்சல் தெரியாது. கத்த வாயைத் திறந்தேன். பக்கத்தில் நின்ற யூனிட் ஆள் என் தோளை அழுத்தினார். "அண்ணாத்த, கம்முனு இரு. டேக் போய்கினு கீது."

நான் கம்மென்று நின்றேன். கண்ணை மூடி எங்கள் ஊர்ப் பெருமாளைக் கூப்பிட்டேன். 'நரசிம்மா, எனக்குக் குரல் வரல. யாரையாவது கத்த வை.' அவ்வளவுதான் என் பிரார்த்தனை.

அலைக்குப் பக்கத்தில் கௌரி என்ற உதவி டைரக்டர் நின்றிருந்தார். கையில் வசனத் தாள். ஒரு சொல் மாறினாலும் விடமாட்டார். திடீரென்று அவர் கத்தினார்.

"கட் சார், கட்! டயலாக் தப்பு! ஆரோக்கியம் நரசிம்மானு கூப்புட்றா!"

யூனிட்டே சிரித்தது. "கட்! இன்னாமா நீ, மதம் மாறிட்டியா? திரும்பி வா, இன்னொரு டேக்!" என்றார் டைரக்டர்.

அவள் திரும்பவில்லை. கட் சொன்ன பிறகு யாரும் நடிக்கமாட்டார்கள், குழந்தைகளே. அவள் கை மட்டும் மேலே வந்து போய்க்கொண்டிருந்தது. சிரிப்பு நின்றது.

படகு வாடகைக்குக் கொடுத்திருந்த அண்ணன் தம்பி இரண்டு பேர் பாய்ந்தார்கள். தலைமுடியைப் பிடித்துக் கரைக்கு இழுத்து வந்தார்கள். "எங்கள ஒரு வார்த்த கேட்டீங்களாய்யா? இங்க பள்ளம் கீது!" என்று அண்ணன்காரர் திட்டினார்.

செங்கல்பட்டு ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் மூச்சுத் திணறல். கண் விழித்ததும் அவள் அழுதாள். "பதினோரு வருஷத்துல ஒரு வார்த்த தப்புனதில்லீங்க. அன்னிக்கி மறந்துட்டேன்."

"நல்லா மறந்த, போ" என்றேன். எனக்கும் அழுகை வந்தது.

சரியாகச் சொல்லியிருந்தால் டைரக்டர் கட் சொல்லியிருக்கமாட்டார். அவள் வாயில் அந்தப் பெயரை வைத்தது பெருமாள்தான். இதை நான் நம்புகிறேன்.

முன்பெல்லாம் கோயில் வாசலில் ஆட்டோவில் இருந்தபடியே ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போய்விடுவேன். இப்போது தினமும் உள்ளே போகிறேன். தேவகி மறுபடி நடிக்கிறாள். தண்ணீர்க் காட்சி என்றால், இடுப்பில் கயிறு கட்டச் சொல்கிறாள்.

பயம் வந்தால் பெருமாள் பெயரைச் சொல்லிக் கூப்பிடுங்கள். அழகாகச் சொல்லத் தெரிய வேண்டியதில்லை. பக்கத்தில் இருக்கும் மனிதர்களையும் சத்தமாகக் கூப்பிடுங்கள். யார் தோளை அழுத்தினாலும் கத்துங்கள். நான் அன்றைக்குக் கத்தவில்லை. அதை உங்களிடம் மறைக்கமாட்டேன். கத்தாமல் நின்ற எனக்கும் அவர் இரங்கினார்.