எழுதிக் கொடுக்காத மனு

"எம்புள்ள பேப்பரத் திருத்த ஒங்க கை என்ன சுளுக்கிக்கிட்டா கெடக்கு, சாரே?"

பல்கலைக்கழகக் கவுண்டரில் சுடலைமாடத்தி கத்தினாள். பக்கத்தில் நின்ற மகள் அஜிதா பி.எஸ்சி. கடைசித் தேர்வில் ஒரு தாளில் தோற்று, மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டி மூன்று மாதமாகியிருந்தது. எம்.எஸ்சி. சேர்க்கை முடிய இன்னும் ஒன்பதே நாள்.

"அடுத்த ஆழ்ச்ச வரூ, அம்மே," என்றார் குமாஸ்தா மலையாளத்தில்.

"போன வாரமும் இதத்தான சொன்னீரு?"

புருஷன் செத்தபின் ஆரியசாலை மொத்தக் கடையில் மிளகாய் வற்றலுக்குக் காம்பு கிள்ளி மகளைப் படிக்கவைத்தவள் அவள். எழுத்து தெரியாது, வாய் உண்டு. அதை நம்பித்தான் திங்கட்கிழமைதோறும் வந்தாள்.

அங்கிருந்து இருவரும் போன இலவசச் சட்ட உதவி மையத்தில் வக்கீல் நீது கேட்டாள். "சீக்கிரம் திருத்தணும்னு கொடுத்த மனுவோட நகல் எவிடே, அம்மா?"

"மனுவா? தொண்ட கிழியச் சொன்னேனே, மக்ளே!"

"கோர்ட்டுக்குக் காகிதம் வேணுமே."

அன்றே மனு எழுதிப் பல்கலைக்கழகத்தில் கொடுத்தார்கள். நீது உயர்நீதிமன்றத்தில் வழக்குப் போட்டாள். பத்து நாளில் முடிவு சொல்ல உத்தரவு வந்தது. இருபத்தொன்று மதிப்பெண் ஐம்பத்துமூன்றாகி அஜிதா தேறினாள். அதற்குள் சேர்க்கை முடிந்து ஆறு நாளாகிவிட்டது.

"படிச்சவ நீயாவது எழுதிக் குடுத்திருக்கப்படாதா, புள்ள?"

"நீ பேசும்போ நான் எங்கம்மா வாயத் தொறக்க?"



அடுத்த மாதம் அஜிதா தம்பானூர் ஜவுளிக்கடை ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தாள். நாள் முழுக்க நிற்கிற வேலை. தாய்க்காரி சாலைக் கடைத்தெருவில் அவளுக்கு ஒரு ஜோடி கறுப்புச் செருப்பு வாங்கினாள். பேரம் பேசவில்லை. முந்நூற்று இருபது ரூபாய்.