கறிச் சுருளும் மாமியார் மூக்கும்

மூக்கு போன சமையல்காரருக்கு வாழ்க்கைப்பட்டவள் நான். கல்யாணத்தின்போது மூக்கு இருந்தது, அதுவும் பொல்லாத மூக்கு. தெருவில் யார் வீட்டில் எதைத் தாளிக்கிறார்கள் என்று படுத்தபடியே சொல்வார். அண்ணன்மார் எல்லாம் பழவேற்காட்டு ஏரியில் வலை போட, என் வீட்டுக்காரர் மட்டும் கரண்டியோடு கடலுக்குப் போனார். வெளிநாட்டுப் பயணிகள் கப்பல் ஒன்றின் அடுப்படியில் பல வருஷம் நின்றவர். லீவில் ஊருக்கு வந்தபோது காய்ச்சலில் விழுந்தார். காய்ச்சல் போனது, வாசனை திரும்பவில்லை. உப்பும் புளிப்பும் உறைப்பும் நாக்குக்குத் தெரிகிறது, மணம்தான் இல்லை. கறிக்குழம்பை வாயில் வைத்தால் வெந்நீரில் ஊறிய அட்டை மாதிரி இருக்கிறது என்றார்.

இதை அவர் என்னிடம் மட்டும்தான் சொன்னார். "அம்மாகிட்ட சொல்லிடாத மே, மனசு ஒடஞ்சிடும்" என்றார். கப்பலுக்குத் திரும்பிப் போகவில்லை. கும்மிடிப்பூண்டி பக்கம் ஒரு கம்பெனியில் வாட்ச்மேன் வேலைக்குச் சொல்லிவைத்து, நீலச் சட்டையும் தைத்து வந்துவிட்டது. ஆணியில் அது தொங்குவதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சலாக வரும். வாட்ச்மேன் வேலை கேவலம் என்பதில்லை. பூண்டு உரிக்கும்போதுகூட அழகாக இருக்கிற கைகள் அவருடையவை, அவை கேட்டைத் திறந்து மூடப்போகின்றனவே என்றுதான்.

அந்தச் சமயத்தில்தான் ஏரிக்கரையில் ஒரு பழைய வீட்டை விடுதியாக மாற்றிக்கொண்டிருந்த அம்மா ஒருவர் ஆள் தேடினார். பறவை பார்க்க வருகிறவர்களுக்கு மீன் சாப்பாடும் வேண்டும், வெளிநாட்டுச் சாப்பாடும் வேண்டும். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எங்கள் வீட்டுக்கே வந்து சாப்பிட்டுப் பார்ப்பதாகவும், பிடித்திருந்தால் வேலை என்றும் சொல்லியனுப்பினார். பிடிக்காவிட்டால் திங்கட்கிழமை நீலச் சட்டைதான்.

என்ன சமைப்பதென்று என் வீட்டுக்காரர் யோசிக்கவே இல்லை, கப்பலில் செய்த ஒன்றைத்தான் என்றார். பாஸ்தா மாவை அகலமாகத் தேய்த்து, கொத்துக்கறியை உள்ளே வைத்துச் சுருட்டி, மேலே பாலில் காய்ச்சிய வெள்ளைச் சாறும் சீஸும் போட்டு ஓவனில் வேகவைக்கும் பண்டம் அது. கப்பலில் அதற்கு ஒரு நீளமான பெயர் உண்டு. அத்தை, அதாவது என் மாமியார், 'கறிச் சுருட்டு' என்று பெயர் வைத்தார். கேட்பதற்கு நன்றாக இல்லை என்று நான் அதைக் கறிச் சுருளாக்கினேன்.

பொன்னேரித் துணிக்கடையில் எனக்கு பில் போடுகிற வேலை. சனிக்கிழமை அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்தேன். நான் வரும்போதே அவர் மைதாவும் முட்டையும் பிசைந்து ஊறவைத்திருந்தார். சப்பாத்திக் கட்டையால் அவர் தேய்க்கத் தேய்க்க மாவு விரிந்துகொண்டே போனது. தூக்கிப் பிடித்து ஜன்னல் பக்கம் காட்டினால் வெளியே நிற்கிற தென்னை மரம் தெரிந்தது. எனக்கு சப்பாத்தியே ஒழுங்காக வட்டம் வராது, பொறாமைப்படக்கூட யோக்கியதை இல்லாமல் பார்த்துக்கொண்டு நின்றேன்.

தேய்த்த மாவைக் காயவைக்கத் துணி விரித்தால் ஒட்டும். அவர் பரண்மேல் ஏறி, தன் அண்ணன் வாங்கி இன்னும் தண்ணியில் இறக்காத இறால் வலையை எடுத்தார். வெந்நீரில் அலசி, கவிழ்த்துப் போட்ட கட்டிலின் நாலு காலிலும் இழுத்துக் கட்டி, அதன்மேல் மாவுத் துண்டுகளைப் பரப்பினார். எங்கள் ஊரில் எதைக் காயவைப்பதென்றாலும் வலையில்தான் கை போகும். கீழேயும் மேலேயும் காற்று ஓட, நன்றாகவே காய்ந்தது. எடுத்துப் பார்த்தால் ஒவ்வொரு துண்டிலும் பொடிப் பொடியாக வலைக் கண்ணியின் தடம் விழுந்திருந்தது. வேலை கெட்டது என்று நான் முகம் சுளித்தேன். அவர் விரலால் தடவிப் பார்த்துவிட்டு, "நல்லதுதான். சாறு வழுக்காது, புடிச்சி நிக்கும்" என்றார்.

கொத்துக்கறி வதக்கும்போது நான்தான் மூக்கு. அத்தை பக்கத்து வீட்டுக்குப் போயிருந்த நேரம்.

"பச்ச வாசன போச்சா?"

"இன்னும் பூண்டு குத்துது."

"இப்போ?"

"பூண்டு போச்சு. கறி வாசன கீது."

மற்றதற்கெல்லாம் அவருக்கு என்னுடைய தயவு வேண்டியிருக்கவில்லை. சட்டிப் பக்கம் காதைச் சாய்த்துக் கேட்பார். தண்ணீர் இருக்கும்வரை ஒரு சத்தம், தண்ணீர் வற்றி எண்ணெய் பேசத் தொடங்கினால் வேறு சத்தம். கரண்டி சட்டியில் உரசும்போது கை கனத்தால் அடிப்பிடிக்கப் போகிறது என்று தீயைக் குறைப்பார். ஒரு புலன் போனால் ஒடிந்து உட்காருகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். இவர் மிச்சம் இருக்கிறவற்றைக் கூட்டி வைத்து வேலை வாங்கினார். கல்யாணமான புதிதில்கூட நான் அவரை அப்படிப் பார்த்துக்கொண்டு நின்றதில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் காலைப் பூசைக்கு நாங்கள் இரண்டு பேரும் போனோம். முட்டிவலி என்று அத்தை வீட்டில் இருந்துவிட்டார். திரும்பி வந்தபோது, தென்னை மரத்தடியில் மண்வெட்டியைச் சாய்த்து வைத்துவிட்டுக் கை கழுவிக்கொண்டிருந்தார்.

"ஃப்ரிட்ஜில ஒரு கட்டி வெச்சிருந்தீங்களே, அதப் பொதச்சிட்டேன்" என்றார்.

அது கப்பல் சிநேகிதர் ஒருவர் ஊர் திரும்பும்போது கொண்டுவந்து கொடுத்த பழைய சீஸ். வருஷக்கணக்காக வைத்துப் பழுக்கவிட்டது. அந்தப் பண்டத்துக்கு உயிரே அதுதான்.

அத்தை செய்ததில் அவர் நியாயப்படி ஒரு தப்பும் இல்லை. எங்கள் ஊரில் கெட்டுப்போன மீனைக் குப்பையில் போடமாட்டார்கள், நாய் இழுத்துவந்து தெருவை நாறடிக்கும். தென்னைக்குக் குழி தோண்டிப் புதைப்பார்கள். எது கெட்டது எது கெடவில்லை என்பதில் அத்தையின் மூக்கை மீறி யாரும் பேசியதில்லை. இளவயசு முழுக்க மீன் கூடை சுமந்தவர். ஏலத்தில் தகராறு வந்தால் செவுளைத் தூக்கி அத்தையிடம்தான் காட்டுவார்களாம். அந்த மூக்கால் பழைய சீஸை முகர்ந்தால் வேறு என்ன தீர்ப்பு வரும்? மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம். இதையே நான் செய்திருந்தால் ஊர் கூடியிருக்கும். நான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன்.

என் முகத்தைப் பார்த்து அத்தைக்குக் கோபம் வந்துவிட்டது. மகன் பக்கம் திரும்பினார். "இன்னாடா மொறைக்கிறா அவ? வர்ற அம்மாவுக்கு அதப் போட்டு வயித்தால போச்சுன்னா பேஜாராயிடாதா? நீ சமையக்காரன்தான? உனுக்கு மூக்கு இன்னா அவிஞ்சா போச்சு? அந்த நாத்தம் தெரியல?"

அவர் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"தெரியலம்மா. காச்சலோட மூக்கு போச்சு. ஒண்ணுமே தெரியல."

அத்தை கை துடைப்பதை நிறுத்தினார். "அப்பத்திலேர்ந்தா?"

"ஆமா."

"நேத்து வெச்ச மீன் கொழம்பு நல்லா கீதுன்னியே."

"நல்லாத்தாம்மா இருந்திருக்கும்."

அத்தை அழவில்லை. உள்ளே போய் அடுப்புக்குப் பக்கத்தில் முக்காலியைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். எனக்கு அந்த நிமிஷம்வரை இருந்த கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை.

தோண்டி எடுத்துக் கழுவலாமா என்று எனக்கு ஒரு யோசனை ஓடியது. நல்லவேளை, வாய்விட்டுச் சொல்லவில்லை. அவர் அதற்குள் வேலையில் இறங்கியிருந்தார். பக்கத்து வீட்டு எருமைப்பாலைக் காய்ச்சி எலுமிச்சம்பழம் பிழிந்து திரித்தார். கடையில் கிடைக்கிற சாதா சீஸ் கட்டிகளை என்னைத் துருவச் சொன்னார். இவை இரண்டும் சேர்ந்தால் இழுபடும், உருகும். ஆனால் அந்தப் பழைய சீஸ் கொடுக்கிற ஆழமான உப்பு ருசிக்கு எங்கே போவது? பாட்டில்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தவர் ஒன்றின் முன்னால் நின்றார். அத்தையின் சென்னாக்கூனி. காயவைத்த பொடி இறால்.

"ருசி ரெண்டும் ஒரே குடும்பம்" என்றார். "வறுத்துப் பொடி பண்ணித் தூவினா கண்டுபுடிக்க முடியாது. ஆனா கவிச்சி அடிச்சா ஆட்டம் குளோஸ்."

கவிச்சி அடிக்கிறதா என்பது அவருக்குத் தெரியாது. வாணலியில் சென்னாக்கூனி சிவந்துகொண்டிருந்தது. நான் குனிந்து முகர்ந்து, "போதும், போச்சு" என்றேன்.

"இன்னும் இல்ல நைனா" என்றார் அத்தை, முக்காலியிலிருந்து எழாமலே. "அடியில ஒரு ஈர வாசன கீது. இன்னும் நாலு கிண்டு கிண்டு."

அவர் என்னைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார், பிறகு கிண்டினார். எனக்குச் சுருக்கென்றுதான் இருந்தது, நேற்றுவரை நான்தானே மூக்கு. ஆனால் கொஞ்ச நேரத்தில் வாணலியிலிருந்து எழுந்த மணம் வேறாக இருந்தது. ஏரி போய், வறுத்த வேர்க்கடலை மாதிரி ஒன்று வந்தது. அத்தை தலையசைத்தார். அடுப்பு அணைந்தது.

மாவுத் துண்டுகளை வேகவைத்து எடுத்து, கறியை விரல் கனத்துக்கு வைத்து, பாய் சுருட்டுகிற மாதிரி சுருட்டித் தட்டில் நெருக்கி அடுக்கினார். மேலே வெள்ளைச் சாறு, சீஸ், கடைசியாக அந்தப் பொடி. ஓவனுக்குள் போன பிறகு எங்களுக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. அவர் மட்டும் ஓவனுக்கு முன்னால் குந்திக் காது கொடுத்துக்கொண்டிருந்தார். ஓரத்தில் சாறு கொதிக்கிற சத்தம் தளர்ந்ததும் திறந்தார். மேலே பொன்னிறமாக, அங்கங்கே கருத்து, பார்த்தாலே பசிக்கும்படி இருந்தது.

மத்தியானம் விடுதி அம்மா வந்தார். அதிகம் பேசாதவர். ஒரு சுருளை நறுக்கி வாயில் வைத்து மெதுவாக மென்றார். கரண்டியால் மாவைப் புரட்டிக் கண்ணித் தடத்தைப் பார்த்தார், வலை என்று சொன்னோம், சிரித்தார். இரண்டாவது சுருளை அவராகவே எடுத்துப் போட்டுக்கொண்டார்.

"ரொம்ப நல்லா இருக்கு. இது என்ன சீஸ்? நான் சாப்பிட்டதில்லையே."

ஏதாவது ஒரு பெயரைச் சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். என் வீட்டுக்காரர் எல்லாவற்றையும் சொன்னார். தென்னை மரம், சென்னாக்கூனி, கடைசியில் மூக்கு. எனக்கு அவரைக் கிள்ளவேண்டும் போலிருந்தது.

அந்த அம்மா கரண்டியைக் கீழே வைத்தார். "சொன்னது நல்லது. ஆனா தப்பா எடுத்துக்காதீங்க. வாசனை தெரியாதவர வச்சிக்கிட்டு, ஒரு நாள் மீன் கெட்டிருந்தா யாருக்குத் தெரியும்?"

நியாயமான கேள்வி. அவர் தலையைக் குனிந்துகொண்டார். என் கண் தானாக ஆணியில் தொங்கிய நீலச் சட்டைக்குப் போனது.

"எனுக்குத் தெரியும்" என்றார் அடுப்படி வாசலில் நின்ற அத்தை. "மீன் கூடை தெரு திரும்பும்போதே தெரியும். நான் வந்து குந்திக்கிறேன். ஒரு சேர் மட்டும் போட்ரும்மா."

அந்த அம்மா அத்தையைப் பார்த்தார். ஜன்னல் வழியாகத் தென்னை மரத்தடியில் புதிதாகக் கிளறிய மண்ணைப் பார்த்தார். பிறகு தட்டில் மிச்சமிருந்ததை இழுத்து முன்னால் வைத்துக்கொண்டு, "சேர் போடறேன்" என்றார்.

நீலச் சட்டை இப்போது எங்கள் வீட்டில் சட்டி இறக்குகிற துணி. அத்தை தினமும் மகனோடு விடுதிக்குப் போய், அடுப்படியில் மின்விசிறிக்குக் கீழே உட்காருகிறார். பழைய சீஸ் சென்னையிலிருந்து அங்கே வருகிறது. உறையைப் பிரித்து என் வீட்டுக்காரர் அத்தையின் மூக்கருகே நீட்டுவார். "த்தூ, கெட்டுப்போச்சு, பொதச்சிடு" என்று அத்தை முகத்தைத் திருப்பினால் சந்தோஷமாகத் துருவத் தொடங்குவார். "நல்லாத்தான் கீது, ஒண்ணும் நாறல" என்றால் கடைக்கே திருப்பி அனுப்பிவிடுவார்.

வீட்டில் மீன் குழம்பு வைக்கிற நாளில் அத்தை இப்போதெல்லாம் நல்லா கீதா என்று மகனிடம் கேட்பதில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, சோற்றில் குழம்பை ஊற்றிக்கொண்டே, "இன்னிக்கு மாங்கா வாசன தூக்கலா கீது நைனா. மீனு புதுசு, கறிவேப்பில கொஞ்சம் கருகிடுச்சு" என்று சொல்கிறார். அவர் தலையை ஆட்டிக்கொண்டே சாப்பிடுகிறார்.