நகரி பிளாட்பாரத்துக் காட்சி

சில வருடங்களுக்கு முன் சென்னையில் ஒரு படத்துக்குப் படத்தொகுப்பு உதவியாளராக இருந்தேன். பஞ்சத்தில் ஊரைவிட்டுப் போகிறவர்களின் கதை. துணை நடிகர்களை வைத்து எடுத்த கூட்டம் இயக்குநருக்குத் திருப்தியாக இல்லை. நிஜமான பழைய காட்சி வேண்டும் என்றார். ஒரு காலத்தில் கேபிள் டிவிக்குச் செய்தி எடுத்த திருப்பதிக்காரர் ஒருவரிடமிருந்து பெட்டி நிறைய கேசட் வாங்கிவந்தோம்.

ஒன்றில் எங்கள் நகரி ரயில் நிலையம் இருந்தது. நூல் விலை ஏறி விசைத்தறிகள் நின்றுபோன வருடம். திருப்பூருக்குக் கிளம்பும் கூட்டத்தில் என் அக்காவின் கணவர், தோளில் பையோடு தலைகுனிந்து வந்தார். கேமராவைக் கண்டதும் நிமிர்ந்து, வெட்கப்பட்டுச் சிரித்தார்.

மகன் கைக்குழந்தையாக இருந்தபோது அப்படிப் போனவர் உயிரோடு திரும்பவில்லை. சாயப்பட்டறையில் பாய்லர் வெடித்தது. துணி சுற்றி வந்த உடம்பில் முகத்தைத் திறக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். இருந்த ஒரே கல்யாணப் போட்டோவும் பிறகு மழையில் ஊறிப்போனது.

தகவல் சொன்னதும் அக்கா பஸ் ஏறி வந்துவிட்டாள். எடிட்டிங் அறையில் நின்றபடியே பார்த்தாள்.

"இன்னொரு வாட்டி போடுடா."

போட்டேன்.

"வீட்ல அழுதுக்கினுதான் கெளம்புனாரு. இங்க சிரிச்சிக்கினு போறாரு."

இயக்குநர், "உங்களுக்குக் கஷ்டமா இருந்தா இதை எடுத்துடறோம்மா" என்றார்.

"வேணாம் சார், இருக்கட்டும். எம் புள்ளைக்கு நைனா மொகமே தெரியாது. தியேட்டர்ல பாக்கட்டும்."

கடைசித் தொகுப்பில் காட்சி கறுப்பு வெள்ளையாகியிருந்தது. பழசாகத் தெரிய அதன்மேல் கீறல்களும் சேர்த்திருந்தார்கள். அக்காவின் கணவர் நிமிர்வதற்கு முன்பே காட்சியை வெட்டியிருந்தார்கள். நான் கேட்டதற்கு, "பஞ்சத்துல போறவன் சிரிச்சா யாரும் நம்பமாட்டாங்க" என்றார் இயக்குநர். எவ்வளவு சொல்லியும் மாற்றவில்லை.

படம் வெளியானபோது அக்கா பார்க்கப் போகவில்லை. பெங்களூரில் வேலையிலிருந்த அவள் மகன் பார்த்துவிட்டு எனக்குப் போன் செய்தான்.

"அதுல எங்க நைனா யாரு மாமா?"

"தலை குனிஞ்சிக்கினு பையோட வர்றாரே, அவருதான்."

"எல்லாருமே அப்படித்தானே வர்றாங்க."

எடுத்துவைத்திருந்த முழுக் காட்சியையும் அவனுக்கு அனுப்பினேன். வெகுநேரம் கழித்து அழைத்தான்.

"என்னைவிடச் சின்னவரா இருக்காரு மாமா."